தம்புள்ளைச் சாலையும் லெஸ்டரின் கெமராவும்

வட்டவளைக்கும் ஹட்டனுக்கும் நடுவே, மழையும் மூடுபனியும் முறைவைத்து இறங்கும் உயரத்தில் இருக்கிறது றொசல்ல ரயில் நிலையம். 1884இல் ஹட்டன் வரை தண்டவாளம் வந்து சேர்ந்தபோது இந்தச் சரிவுகளில் கோப்பி செத்துக்கொண்டிருந்தது, தேயிலை தலையெடுத்துக்கொண்டிருந்தது. இங்கிருந்து கினிகத்தேன வழியாக மலையிறங்கினால் கித்துல்கல. 1957 மார்ச் மாதம் அங்கே களனி கங்கைக்குக் குறுக்கே கட்டிய பெரிய மரப்பாலம் ஒன்றை, அதன்மேல் ஓடிய ரயிலோடு சேர்த்து வெடிவைத்துத் தகர்த்தார்கள். அதைப் பார்க்கப் பிரதமர் எஸ்.டபிள்யூ.ஆர்.டி. பண்டாரநாயக்கவே வந்திருந்தார். முதல் முயற்சி பிசகியது. ஒளிப்பதிவாளர் ஒருவர் ஆபத்தில்லாத இடத்துக்கு ஒதுங்கிவிட்டார் என்ற சைகை வராததால் இயக்குநர் டேவிட் லீன் வெடியைத் தடுத்துவிட்டார். ரயில் பாலத்தைக் கடந்துபோய் அக்கரையில் முட்டி நின்றது. திரும்பவும் எல்லாவற்றையும் நிறுத்திவைத்து வெடித்தார்கள். ‘த பிரிட்ஜ் ஒன் த ரிவர் குவாய்’ ஏழு ஒஸ்கார் விருதுகளை வாங்கியது. கித்துல்கல இன்றுவரை அந்தப் பெயரை வைத்துச் சுற்றுலாப் பயணிகளுக்குச் சோறு போடுகிறது.

படம் சொன்னது சயாம்–பர்மா ரயில்பாதையின் கதை. 1942க்கும் 1943க்கும் இடையில் யப்பானியப் படை 415 கிலோமீற்றர் நீளத்துக்குக் காட்டை வெட்டிப் போட்ட பாதை அது. அறுபதாயிரத்துக்கு மேற்பட்ட நேசநாட்டுப் போர்க்கைதிகள் அதில் வேலை செய்தார்கள். பன்னிரண்டாயிரத்துக்கு மேற்பட்டோர் இறந்தார்கள். ஆனால் அந்தப் பாதையில் ஆசியத் தொழிலாளர்கள் மட்டும் 180,000 பேருக்கு மேல் இருந்தார்கள். அவர்களில் மாண்டவர்கள் 90,000 பேர் வரை இருக்கும் என்பது பொதுவான மதிப்பீடு. மலாயா இறப்பர் தோட்டங்களிலிருந்து அள்ளிச் செல்லப்பட்ட தமிழர்கள் அந்தக் கூட்டத்தில் ஏராளம். மலேசியத் தமிழர்கள் அதைச் சயாம் மரண ரயில் என்று இன்றும் சொல்கிறார்கள். மூலநாவலை எழுதிய பிரெஞ்சுக்காரர் பியேர் பூல் போருக்கு முன் மலாயாவின் இறப்பர் தோட்டங்களில் வேலை பார்த்தவர். தமிழ்த் தொழிலாளியை அன்றாடம் கண்டவர். ஆனாலும் கதை பிரிட்டிஷ் அதிகாரியின் மிடுக்கையும் யப்பானியத் தளபதியின் பிடிவாதத்தையும் சுற்றியே நடக்கிறது. கித்துல்கலப் பாலத்துக்கு மேலே மலையெல்லாம் தமிழ்த் தோட்டத் தொழிலாளர்களின் லயங்கள். அவர்களுடைய உறவுமுறைக்காரர்கள் போல வாழ்ந்து செத்த தொழிலாளர்களுக்குத்தான் திரையில் இடமில்லை.

வரலாற்றுப் படம் என்றால் இது முதல் கேள்வியாகிவிடுகிறது: சட்டகத்துக்குள் யார், வெளியே யார்? இலங்கையில் இந்தக் கேள்வியை ஒருவருடைய தொழில் வாழ்க்கையை வைத்தே கேட்டுப் பார்க்கலாம். கித்துல்கலவில் வெள்ளைக்காரர்கள் பெரும் பணம் போட்டுப் பாலம் கட்டிக்கொண்டிருந்த அதே மாதங்களில், 1956 டிசம்பர் 28ஆம் திகதி, கொழும்பில் ஒரு சின்னச் சிங்களப் படம் வெளிவந்தது. பெயர் ‘ரேகாவ’. இயக்கியவர் லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸ்.

அதற்கு முன் சிங்களப் படங்கள் எங்கே எப்படி எடுக்கப்பட்டன என்று தெரிந்தால்தான் ரேகாவவின் துணிச்சல் புரியும். முதல் சிங்களப் பேசும்படமான ‘கடவுனு பொரொந்துவ’ 1947 ஜனவரியில் வெளியானது. தயாரித்தவர் எஸ்.எம். நாயகம் என்ற தமிழர், படமாக்கிய இடம் மதுரைச் சித்திரகலா ஸ்டூடியோ, இயக்கியவர் வங்காளியான ஜோதிஷ் சிங். கதாநாயகி ருக்மணி தேவியின் இயற்பெயர் டெய்சி ராசம்மா டேனியல்ஸ். பிறந்த ஊர் நுவரெலியா மாவட்டத்து றம்பொடை. சிங்களத் திரையின் முதல் நட்சத்திரம் தேயிலைக் காற்றில் பிறந்த தமிழ்ப்பெண் என்பதை நம்மவர்களே மறந்துவிட்டார்கள். அடுத்த பத்தாண்டுக்குச் சிங்களப் படங்கள் தென்னிந்திய ஸ்டூடியோக்களில், அட்டை வீடுகளுக்கு முன்னால், இந்தி மெட்டுக்கும் தமிழ் மெட்டுக்கும் சிங்கள வரிகள் போட்டுப் பாடிக்கொண்டிருந்தன.

லெஸ்டர் 1919 ஏப்ரல் 5ஆம் திகதி தெஹிவளையில் பிறந்தவர். ஆங்கிலம் பேசும் கத்தோலிக்கக் குடும்பம்; தகப்பனார் வைத்தியர்; தம்பி ஐவன் பீரிஸ் ‘43 குழு’ ஓவியர்களில் ஒருவர். இலண்டனில் இருந்தபோது குறும்படங்கள் எடுத்துப் பழகினார். ஆவணப்பட இயக்குநர் ரால்ஃப் கீன் அழைத்ததால் 1952இல் ஊர் திரும்பி அரசாங்கத் திரைப்படப் பிரிவில் சேர்ந்தார். அங்கே ஆவணப்படங்கள் எடுத்தார்; உலர்வலயத்தில் மலேரியாவை வென்றது பற்றியும் எடுத்தார், வீதியில் கவனமாக வண்டி ஓட்டுவது பற்றியும் எடுத்தார். 1955இல் ஒளிப்பதிவாளர் வில்லியம் பிளேக், படத்தொகுப்பாளர் டைட்டஸ் தொடவத்த இருவரையும் கூட்டிக்கொண்டு அரசாங்க வேலையை உதறினார். மூவரும் ஸ்டூடியோவைவிட்டு வெளியே வந்து, உண்மையான கிராமத்தில், உண்மையான வெயிலில் ரேகாவவைப் படமாக்கினார்கள். 1957இல் படம் கான் விழாவுக்குப் போனது. ஊரில் காசு தேறவில்லை.

காசு தேறாத இயக்குநருக்கு அடுத்த வாய்ப்புக் கொடுத்தவர் யார் என்பது சுவையான செய்தி. சினிமாஸ் லிமிற்றெட் நிறுவனத்தின் உரிமையாளர் கே. குணரத்தினம், யாழ்ப்பாணத்துத் தமிழர். அவர் பணம் போட, லெஸ்டர் தன் முதல் வரலாற்றுப் படமான ‘சந்தேசய’வை எடுத்தார். 1960இல் வெளிவந்தது. போர்த்துக்கேயரின் கோட்டைக்கு எதிராகக் கிராமத்து மக்கள் கிளம்பும் கதை. வாள், துப்பாக்கி, தீ, காதல் எல்லாம் உண்டு. பாட்டுகள் நாடெங்கும் பரவின. பின்னாளில் சிங்களத் திரையின் முடிசூடா மன்னராக இருந்த காமினி பொன்சேகா இதில்தான் ஆளாகத் தெரிந்தார். ரேகாவவிலும் கித்துல்கலவில் லீனுடைய படத்திலும் உதவியாளராக நின்றவர் அவர்.

நாட்களைக் கவனியுங்கள். 1956இல் சிங்களம் மட்டும் சட்டம், 1958இல் கலவரம். இரண்டே ஆண்டு கழித்துத் தமிழ் முதலாளி பணம் போட்டு, சிங்களக் கிராமத்தான் அந்நியனை எதிர்க்கும் கதையைச் சிங்களத்தில் எடுக்கிறார்கள். அதில் எதிரி கடல் கடந்து வந்த பறங்கி. பக்கத்து வீட்டுக்காரன்மேல் வாள் திரும்பவில்லை. அந்தக் காலத்தில் வேறொருவர் கையில் இதே கதை கிடைத்திருந்தால் என்ன செய்திருப்பார் என்று யோசித்தால் லெஸ்டரின் நிதானம் தெரியும். கலை என்ற அளவில் சந்தேசய அவருடைய சிறந்த படமல்ல. உடையும் கூட்டமும் அவருக்கு ஒட்டவில்லை. ஆனால் அது தேடித்தந்த வெற்றி இல்லாமல் அடுத்த படம் வந்திருக்குமா என்பது சந்தேகம்தான்.

அடுத்த படம் ‘கம்பெரலிய’. மார்ட்டின் விக்கிரமசிங்கவின் நாவல். தெற்குக் கரையோரத்தில் ஒரு பழைய வளவு மெல்லச் சரிவதும், கடைக்காரப் பணம் மெல்ல ஏறுவதும்தான் கதை. பாட்டு நடனம் இல்லை, சண்டை இல்லை. லெஸ்டரின் மனைவி சுமித்திரா படத்தைத் தொகுத்தார். 1965இல் டெல்லியில் நடந்த சர்வதேசத் திரைப்பட விழாவில் தங்க மயில் இதற்குக் கிடைத்தது. வரலாற்றுப் படம் என்று யாரும் இதற்குப் பெயர் வைக்கவில்லை. இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்து இலங்கையில் நிலம் எப்படிக் கைமாறியது, மரியாதை எப்படிக் கைமாறியது என்று அறிய விரும்புகிறவர் இதைவிட நல்ல ஆவணத்தைத் திரையில் தேட முடியாது. அரசன் வராத இடத்தில்தான் லெஸ்டருக்கு வரலாறு கைகொடுத்தது. அவர் வாழ்க்கை முழுவதும் இந்த விதி மாறவில்லை.

மாறவில்லை என்பதற்குச் சாட்சி ‘த கோட் கிங்’. சீகிரியக் குன்றின்மேல் மாளிகை கட்டிய காசியப்பன் கதை. கலாவெவக் குளத்தைக் கட்டிய தகப்பன் தாதுசேனனைக் கொன்றுவிட்டு 477 முதல் 495 வரை ஆண்டு, இந்தியாவிலிருந்து படையோடு திரும்பிய தம்பி முகலனிடம் தோற்ற மன்னன். டிமிட்ரி டி குருன்வால்ட் என்ற தயாரிப்பாளர் பணம் கொண்டுவந்தார். காசியப்பனாக லீ லோசன், கூடவே ஒலிவர் டோபியஸ். பேசும் மொழி ஆங்கிலம். 1974இல் வந்த படம் எங்கும் எடுபடவில்லை. குன்று அழகாக இருக்கிறது, யானைகள் இருக்கின்றன, தகப்பனைக் கொன்ற மகனின் மனம் மட்டும் நமக்குக் கிட்டவில்லை. சத்யஜித் ராயோடு ஒப்பிடப்பட்ட ஒருவர் ஹொலிவுட் அளவுச் சட்டையை மாட்டிக்கொண்டு நெளிகிறார்.

அந்த 1974 மலையகத்தில் வேறு விதமாக நினைவில் இருக்கிறது. உணவுத் தட்டுப்பாட்டில் 1973, 74ஆம் ஆண்டுகளில் தோட்டங்களில் பட்டினி தலைவிரித்தாடியது. தோட்டப்புறத்து மரணவீதம் திடீரென்று மேலே ஏறியது. அடுத்த ஆண்டு கம்பனித் தோட்டங்கள் அரசுடைமையாயின. அதே 1975இல் தொழிற்சங்கவாதி வி.பி. கணேசன் தயாரித்து நடித்த ‘புதிய காற்று’ திரைக்கு வந்தது. இயக்கியவர் எஸ். ராமநாதன். தோட்டத் தொழிலாளியின் வாழ்க்கையைச் சொல்ல இலங்கைத் தமிழில் எடுத்த படம் அது. தமிழகத்துப் படங்கள் கொட்டகைகளைப் பிடித்துவைத்திருந்த நேரத்தில் லயத்துப் பேச்சு திரையில் கேட்டது. கணேசன் அதற்குப் பின் ‘நான் உங்கள் தோழன்’, ‘நாடு போற்ற வாழ்க’ என்று மேலும் இரண்டு படங்கள் எடுத்தார். அவற்றில் எம்.ஜி.ஆர். சாயல் இருந்தது உண்மை. அந்தக் குறையைச் சொல்லி அந்த முயற்சியைத் தள்ளிவிட முடியாது.

லெஸ்டர் மலைநாட்டு வரலாற்றுக்கு நேராக வந்தது 1970களின் கடைசியில், ‘வீர புரன் அப்பு’ படத்தில். திரைக்கதை திஸ்ஸ அபேசேகர. புரன் அப்புவாக ரவீந்திர ரந்தெனிய. கதை 1848ஆம் ஆண்டு மாத்தளைக் கலகம். இங்கே கொஞ்சம் நின்று பேச வேண்டும், ஏனெனில் இது தேயிலைக்கு முந்திய மலையகத்தின் கதை.

1840இல் வந்த காணிச் சட்டம், உறுதி காட்ட முடியாத காட்டையும் சேனைநிலத்தையும் முடிக்குரிய நிலமாக்கியது. அந்த நிலம் கோப்பித் துரைமாருக்குச் சல்லிவிலைக்கு விற்கப்பட்டது. 1847இல் பிரிட்டனில் ஏற்பட்ட நெருக்கடியால் கோப்பி விலை விழுந்தது. அரசாங்கத்தின் வருமானமும் விழுந்தது. புதிதாக வந்த தேசாதிபதி டொரிங்டன் பிரபு பள்ளத்தை நிரப்ப வரிகளை அடுக்கினார். நாய்க்கு வரி, துப்பாக்கிக்கு வரி, கடைக்கு வரி, வண்டிக்கு வரி. இவற்றோடு வயதுவந்த ஒவ்வோர் ஆணும் ஆண்டுக்கு ஆறு நாள் வீதி வேலை செய்ய வேண்டும், இல்லையென்றால் காசு கட்ட வேண்டும். வீதி யாருக்கு? கோப்பி மூட்டை துறைமுகத்துக்குப் போவதற்கு. காட்டைப் பறிகொடுத்தவனே அந்தக் காட்டுக்குப் பாதை வெட்ட வேண்டும் என்றால் எவன் பொறுப்பான்?

1848 ஜூலை 26ஆம் திகதி தம்புள்ளையில் கொங்காலேகொட பண்டா அரசனாக முடிசூட்டப்பட்டார். பக்கத்தில் வாளேந்தி நின்றவர் புரன் அப்பு. ஜூலை 28இல் கூட்டம் மாத்தளைக்குள் புகுந்து கச்சேரியைத் தாக்கியது. மறுநாளே இராணுவச் சட்டம். ஆகஸ்ட் 8ஆம் திகதி புரன் அப்பு கண்டி போகம்பரையில் சுட்டுக் கொல்லப்பட்டார். அதே மாதம் குடாபொல தேரர் காவியுடையோடேயே சுடப்பட்டார். செப்டெம்பரில் பிடிபட்ட பண்டாவுக்கு முதலில் மரணதண்டனை; பிறகு நூறு கசையடியும் மலாக்காவுக்கு நாடுகடத்தலுமாக மாற்றினார்கள். இலண்டன் நாடாளுமன்றம் விசாரணைக் குழு அமைத்தது. 1850இல் டொரிங்டன் திரும்ப அழைக்கப்பட்டார்.

தமிழ்ப் பார்வையாளருக்கு இந்தக் கதை பழக்கப்பட்ட கதைதான். வரி கேட்ட வெள்ளைக்காரன், மறுத்த வீரன், தண்டனை. 1959இல் பி.ஆர். பந்துலு எடுத்த ‘வீரபாண்டிய கட்டபொம்மன்’ இதையே சொன்னது. ஜாக்சன் துரைக்கு முன்னால் சிவாஜி கணேசன் வரியைப் பற்றிக் கேட்கும் கேள்விகளை மனப்பாடமாகச் சொல்லத் தெரியாத பையன் ஒரு காலத்தில் எந்தத் தோட்டத்திலும் இருந்திருக்க மாட்டான். பள்ளிக்கூட மேடையில் அது தவறாமல் வரும். கோலார்ப் பக்கத்திலிருந்து வந்த பந்துலு தமிழ் வரலாற்றுப் படங்களின் பெரிய கை. ‘கப்பலோட்டிய தமிழன்’, ‘கர்ணன்’ அவருடையவை. கன்னடத்தில் ‘கித்தூர் சென்னம்மா’வும் எடுத்தார். 1974இல் இறக்கும்போதுகூட ‘மதுரையை மீட்ட சுந்தரபாண்டியன்’ கையில் இருந்தது, அதை எம்.ஜி.ஆர். முடித்தார். கட்டபொம்மன் வேடத்துக்காக 1960இல் கெய்ரோவில் நடந்த ஆசிய–ஆபிரிக்கத் திரைப்பட விழாவில் சிவாஜிக்குச் சிறந்த நடிகர் விருது கிடைத்தது. லயத்தில் வாழ்ந்தவர்களுக்கு அந்தப் பரிசு தங்களுக்கே கிடைத்தது போல.

பந்துலுவின் வீரன் பேசியே வெல்கிறான். லெஸ்டரின் வீரன் அதிகம் பேசுவதில்லை. பந்துலு நாடகமேடையிலிருந்து வந்தவர். அவருடைய கட்டபொம்மனும் முதலில் மேடையில் நடந்து பெயர் வாங்கியவன்தான். லெஸ்டர் ஆவணப்படத்திலிருந்து வந்தவர். கொட்டகையில் கைதட்டு வாங்குவதில் பந்துலுவை லெஸ்டரால் தொடமுடியாது. அப்படித் தட்டும் கைகளை அவர் தேடவுமில்லை. அந்த அடக்கமே புரன் அப்பு படத்துக்குக் கொஞ்சம் பாரமாகவும் ஆகிவிட்டது.

இந்தப் படத்தைத் தோட்டத்திலிருந்து பார்ப்பவருக்கு இன்னொன்று உறுத்தும். தம்புள்ளையிலிருந்து மாத்தளைக்குக் கலகக்காரர்கள் வந்தார்கள் அல்லவா, அந்தச் சாலையில் 1848இல் அவர்கள் மட்டும் நடக்கவில்லை. புதுக்கோட்டை, திருச்சி, மதுரை, இராமநாதபுரம் பக்கத்து ஊர்களிலிருந்து கண்டிச்சீமைக்குக் கோப்பி பறிக்கப் புறப்பட்டவர்கள் தோணியில் மன்னார்க் கரையில் இறங்கி, மதவாச்சி, மிகிந்தலை, தம்புள்ளை என்று காட்டுவழியே நடந்து மாத்தளையில்தான் மலையேறினார்கள். கொலராவும் பேதியும் காய்ச்சலும் வழியெங்கும் ஆளைத் தின்றன. 1841 முதல் 1848 வரை இப்படி மாண்டவர்கள் 70,000 பேர், வந்தவர்களில் நாலிலொரு பங்கு என்று அக்காலத்துக் ‘கொழும்பு ஒப்சேவர்’ கணக்குச் சொன்னது. கலகம் வெடித்த ஆண்டோடு அந்தக் கணக்கு முடிகிறது. வந்து பிழைத்தவர்கள் நட்டுவைத்த அம்மன்தான் இன்றைக்கு மாத்தளை முத்துமாரியம்மனாகப் பெரிய கோபுரத்தோடு நிற்கிறாள்.

ஆக, கோப்பியால் காடிழந்த சிங்களக் குடியானவனும் கோப்பிக்காக ஊரிழந்த தமிழ்க் கூலியும் ஒரே ஆண்டில் ஒரே தெருவில் எதிர்ப்பட்டிருக்கிறார்கள். திரைக்கதை எழுதுபவருக்கு இதைவிட வேறென்ன வேண்டும்? படத்தின் கதையோ கலகத் தலைவர்களையும் ஆங்கில அதிகாரிகளையும் சுற்றிச் செல்கிறது. கூலியின் நடை அந்தக் கதைக்கு மையமல்ல.

இதில் ஒரு முரண்நகையும் இருக்கிறது. புரன் அப்பு கண்டிக்காரர் அல்லர். மொறட்டுவையில் பிறந்த பிரான்சிஸ்கோ பெர்னாண்டோ. கொங்காலேகொட பண்டாவும் பேலியகொடைப் பக்கத்து ஆள்; டேவிட் என்பது அவருடைய பெயர். இருவரும் பிழைப்புத் தேடி மலைக்கு ஏறிய கரையோரத்து மனிதர்கள். வெளியூரிலிருந்து வந்த இவர்கள் மலைநாட்டின் வீரர்களானது நியாயம். அதே ஆண்டுகளில் மலையேறிய தமிழர்களின் வாரிசுகள் நூறு ஆண்டு கழித்து, 1948இன் குடியுரிமைச் சட்டத்தில் நாடற்றவர்களானார்கள். 1964இல் இலங்கைப் பிரதமர் சிறிமாவும் இந்தியப் பிரதமர் சாஸ்திரியும் கையெழுத்திட்டு, 525,000 பேர் இந்தியாவுக்கு, 300,000 பேர் இலங்கைக்கு என்று பிரித்தார்கள். மீதி 150,000 பேரைப் பிறகு பார்த்துக்கொள்ளலாம் என்று விட்டார்கள். புரன் அப்பு படம் ஓடிக்கொண்டிருந்த காலத்தில் ஹட்டன் நிலையத்தில் அந்த ஒப்பந்தத்தின் அழுகைச் சத்தம் அடங்கவில்லை.

வரலாற்றுப் படங்களை அரசாங்கமே முன்னின்று எடுத்த நாடுகளைப் பார்த்தால் இந்த விவகாரம் எவ்வளவு தூரம் போகும் என்று தெரியும். பல்கேரியா 1981இல் தன் அரசு தோன்றிய 1300ஆம் ஆண்டைக் கொண்டாடியது. அதற்காக லுத்மில் ஸ்தாய்கொவ் என்ற இயக்குநர் ‘கான் அஸ்பாருக்’ என்ற மூன்று பாகப் படத்தை எடுத்தார். இராணுவ வீரர்களே துணைநடிகர்களாகக் குதிரையேறினார்கள். அதே இயக்குநர் 1988இல் எடுத்த ‘வன்முறையின் காலம்’, ஒட்டோமன் துருக்கியர் பல்கேரியக் கிராமத்தவரை மதம் மாற்றிய கொடுமையைச் சொன்னது. அந்தொன் தொன்செவ் 1964இல் எழுதிய நாவல் அதற்கு மூலம். நன்றாக எடுத்த படம், கான் விழாவுக்கும் போனது. ஆனால் அது திரைக்கு வருவதற்குச் சில ஆண்டுகளுக்கு முன்புதான் அந்நாட்டுத் துருக்கியச் சிறுபான்மையினரின் பெயர்களை அரசாங்கம் வலுக்கட்டாயமாக மாற்றியிருந்தது. 1989 கோடையில் மூன்று இலட்சத்துக்கு மேற்பட்டோர் மூட்டை முடிச்சோடு எல்லை தாண்டினார்கள். பழைய காலத்துக் கொடுமையைக் காட்டும் படம், நிகழ்காலத்துக் கொடுமைக்குச் சாக்காகப் பயன்படலாம்.

லெஸ்டர் அப்படிப்பட்ட படம் எடுக்கவில்லை. அவருடைய நான்கு வரலாற்றுக் கதைகளிலும் ஒரு சமூகத்தை இன்னொரு சமூகத்தின்மேல் ஏவும் காட்சிக்கு அவர் ஆசைப்படவில்லை. அந்தக் காலத்து இலங்கையில் அது சின்ன விஷயமல்ல. நான்காவது கதையான ‘பெத்தேகம’வில் அரசனும் இல்லை, கலகமும் இல்லை. அம்பாந்தோட்டையில் அதிகாரியாக இருந்த லியோனார்ட் வூல்ஃப் 1913இல் வெளியிட்ட நாவல். காட்டோரத்துக் கிராமத்தில் ஒரு வேட்டைக்காரக் குடும்பம் கடனிலும் வழக்கிலும் நசுங்கி அழிவது கதை. சிலிந்துவாக ஜோ அபேவிக்கிரம நடித்திருப்பது இந்தத் தீவில் நடிக்கப்பட்ட மிகச் சிறந்த வேடங்களில் ஒன்று. வூல்ஃப் வேடத்தில் வருபவர் இலங்கையில் குடியேறியிருந்த விஞ்ஞானக் கதாசிரியர் ஆர்தர் சி. கிளார்க். தலைமைக்காரனின் கடன்கணக்கில் சிக்கிய சிலிந்துவைப் பார்க்கும் தோட்டத்துக்காரருக்குக் கங்காணியின் துண்டும் கடைக்கணக்கும் தாமாக நினைவுக்கு வரும். கொழுந்துக்காரர் ஒருவர்கூட இல்லாத இந்தப் படம் அவர்களுக்கு மற்ற எல்லாவற்றையும்விடக் கிட்ட நிற்கிறது.

கம்பெரலியவின் தொடர்ச்சியாக ‘கலியுகய’, ‘யுகாந்தய’ இரண்டையும் லெஸ்டர் 1980களின் தொடக்கத்தில் எடுத்து விக்கிரமசிங்கவின் முந்நூலை முடித்தார். யுகாந்தயவில் ஆலை முதலாளியாகக் காமினி பொன்சேகா. தொழிலாளர் பக்கம் நிற்கும் மகனாக ரிச்சர்ட் டி சொய்சா. ஊடகவியலாளரும் கவிஞருமான டி சொய்சா 1990 பெப்ரவரியில் கடத்திக் கொல்லப்பட்டார். முதலாளி, தொழிற்சங்கம், வேலைநிறுத்தம் என்று அந்தப் படம் பேசுவதெல்லாம் மலையகத்துக்கு அத்துப்படியான சங்கதிகள். இடம் மட்டும் கொழும்பு.

யுகாந்தய மொஸ்கோ விழாவுக்குப் போன 1983ஆம் ஆண்டு ஜூலையில், ஹெந்தளையில் இருந்த குணரத்தினத்தின் விஜயா ஸ்டூடியோ எரிக்கப்பட்டது. சிங்களப் படங்களை இயக்கிவந்த தமிழர் கே. வெங்கட் அந்தக் கலவரத்தில் கொல்லப்பட்டார். சந்தேசயவுக்குப் பணம் போட்ட குணரத்தினம் 1989இல் சுட்டுக் கொல்லப்பட்டார். இலங்கைத் திரையின் வரலாற்றை எழுதுகிறவர்கள் இந்த மூன்று வரிகளை அடிக்குறிப்புக்குத் தள்ளிவிடுகிறார்கள். லெஸ்டர் அதற்குப் பிறகும் படம் எடுத்தார். 2006இல் வந்த ‘அம்மாவருனே’ கடைசி. தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகம் வேண்டும் என்று பல பத்தாண்டுகள் கேட்டுக்கொண்டே இருந்தார். அவருடைய கம்பெரலிய அமெரிக்காவிலும் ‘நிதானய’ இத்தாலியிலும்தான் புதுப்பிக்கப்பட்டன. 2018 ஏப்ரல் 29ஆம் திகதி, 99 வயதில் இறந்தார்.

தம்புள்ளைச் சாலையின் மறுபாதியைப் பெரிய திரையில் யாரும் எடுக்கவில்லை. எடுக்கப் பொருளுக்குப் பஞ்சமில்லை. தஞ்சாவூரிலிருந்து வந்து, துணி வியாபாரி வேடத்தில் தோட்டத்துக்குள் புகுந்து, ஹட்டனில் சங்கம் வைத்த கோ. நடேசய்யர் இருக்கிறார், கூட்டங்களில் பாடியே ஆட்களைத் திரட்டிய மீனாட்சியம்மாள் இருக்கிறார். 1940 ஜனவரியில் முல்லோயாத் தோட்டத்தில் பொலிஸ் குண்டுக்குப் பலியான கோவிந்தன் இருக்கிறார். 1977 மே மாதம் டெவன் தோட்டத்தில் நிலம் பறிபோவதை எதிர்த்துச் சாய்ந்த சிவனு லெட்சுமணன் இருக்கிறார். 2023இல் மலையகத்தின் இருநூறு ஆண்டை நினைத்துப் பலர் தலைமன்னாரிலிருந்து மாத்தளை வரை பழைய பாதையில் நடந்தார்கள். புறப்பட்ட நாள் ஜூலை 28, புரன் அப்புவின் கூட்டம் மாத்தளைக்குள் புகுந்த அதே திகதி. இரண்டு கதைகளையும் சேர்த்துப் பார்க்கத் தெரிந்த ஒருவர் அந்தக் கூட்டத்தில் கெமராவோடு இருந்திருந்தால் நல்லது.

கோட்டை கட்டவும் குதிரை வாங்கவும் பணமில்லையே என்று ஹட்டன், தலவாக்கலைப் பக்கத்து இளைஞர்கள் தயங்க வேண்டியதில்லை. லெஸ்டரின் நல்ல படங்களில் குதிரை இல்லை. சந்தேசயவையும் த கோட் கிங்கையும் விட்டுவிட்டு ரேகாவ, கம்பெரலிய, பெத்தேகம மூன்றையும் தேடிப் பாருங்கள். கையில் தொலைபேசி இருந்தால் இப்போதைக்குப் போதும். 1964 ஒப்பந்தத்தில் குடும்பம் பிரிந்ததைக் கண்ணால் கண்டவர்கள் இன்னும் சிலர் லயங்களில் இருக்கிறார்கள். அவர்களில் பலருக்கு எண்பது வயதாகிறது. முதலில் அவர்களைப் பேசவைத்துப் பதிவுசெய்து வையுங்கள். திரைக்கதையைப் பிறகு எழுதிக்கொள்ளலாம்.